வரிசை வீரரும் அருட்பணியாளரும்: ரெஜி ஒயிட்டின் வாழ்வு எழுப்பும் வினாக்கள்

முன்னுரை

விளையாட்டு வீரர் ஒருவரின் வரலாறு இறையியல் ஏட்டில் இடம்பெறுவது வாசகர் சிலருக்கு வியப்பளிக்கலாம். அதிலும் அவர் ஆடிய அமெரிக்கக் கால்பந்து நம்மவருள் பெரும்பாலோர் கண்ணால் கண்டிராத ஆட்டம். ஆயினும் ரெஜி ஒயிட்டின் வாழ்க்கை ஆட்டக்களத்தோடு முடிந்துவிடுவதன்று. பதினேழாம் வயதில் பாப்திஸ்து சபையில் அருட்பொழிவு பெற்றவர். தம் தலைமுறையின் மிகச் சிறந்த தடுப்பு வீரர் எனப் போற்றப்பெற்றவர். உடனாட்டக்காரர் உரிமைக்காகத் தம் பெயரில் வழக்கு நடத்தியவர். தாம் துணைப்போதகராயிருந்த ஆலயம் தீக்கிரையானதைக் கண்டவர். இறுதியில், இத்தனை ஆண்டுகள் தாம் பிரசங்கித்தது எதை என்று தம்மையே வினவியவர். அவ்வினா அவரோடு முடிந்துவிடவில்லை. புகழ்பெற்ற விசுவாசியைத் திருச்சபை எவ்வாறு நடத்துகிறது, மேடையில் ஏற்றுமுன் அவருக்கு எதைக் கற்பிக்கிறது என்பன நம் சபைகளும் எதிர்கொள்ள வேண்டிய வினாக்களே.

1961 டிசம்பர் 19ஆம் நாள் பிறந்த ஒயிட், 2004 டிசம்பர் 26ஆம் நாள் மறைந்தார். அந்த ஞாயிற்றுக்கிழமையை நம் நாட்டார் மறக்கவியலாது. கடலூர் மாவட்டக் கரையோரச் சிற்றூர்களை ஆழிப்பேரலை வாரிக்கொண்டு சென்ற நாள் அது. நம் மக்கள் தம் இறந்தோரைத் தேடிக்கொண்டிருந்த அவ்வேளையில், தொலைதூரத்தில் ஒரு விளையாட்டு வீரர் மறைந்த செய்தி இங்கு எவர் செவியிலும் விழாமற் போனது இயல்பே. அவ்வாறு விடுபட்ட ஒரு வாழ்க்கையை இங்கு எடுத்துரைப்போம்.

1. ஆட்டமும் வரிசை வீரனும்

விருத்தாசலத்தை அடுத்த கம்மாபுரம் வட்டாரத்தார்க்கு இவ்வாட்டத்தை விளக்கச் சடுகுடுவே எளிய வழி. சடுகுடுவில் பாடி வருபவர் மூச்சு விடாது நடுக்கோட்டிற்குத் திரும்புமுன் அவரை மடக்கிப் பிடிப்பது எதிரணியின் கடமை. அமெரிக்கக் கால்பந்திலும் ஏறத்தாழ அத்தகையதொரு போராட்டமே நிகழ்கிறது. அணிக்குப் பதினொருவர். பந்தை வைத்திருக்கும் அணி, நான்கு முயற்சிகளுக்குள் பத்து கஜ தூரமாவது முன்னேற வேண்டும். பந்தை எறிந்தோ பிறர் கையில் கொடுத்தோ ஆட்டத்தை நடத்துபவர் ஒருவர். அவரைக் காக்க ஐந்து பேர் வரிசையாக நிற்பர். அவர்களை எதிர்த்து, பெரும்பாலும் நால்வர் மற்றொரு வரிசையாக நிற்பர். இவ்விரு சாராரும் வரிசை வீரர் எனப்படுவர். ஒயிட் எதிர்க்கும் வரிசையின் ஓரத்தில் நிற்பவர். காவல் வரிசையைப் பிளந்து சென்று, பந்து கையைவிட்டு அகலுமுன் ஆட்ட நடத்துநரைத் தரையில் வீழ்த்துவதே அவர் பணி. இதனை அந்நாட்டார் ‘சாக்’ என்பர்; நாம் ‘வீழ்த்தல்’ என்று கூறுவோம்.

காண்போர் கண் எப்போதும் பந்தின்மீதே இருக்கும். வரிசை வீரனோ பல ஆட்டங்களில் பந்தைத் தொடுவதேயில்லை. அவன் உழைப்பு மோதுவதும் தாங்குவதுமே. ஆறடி ஐந்து அங்குல உயரமும் ஏறத்தாழ 300 பவுண்டு எடையும் கொண்ட ஒயிட், தம்மைப் போன்றே பருத்த எதிராளியை ஒரு கையால் ஏந்தித் தள்ளிவிட்டுக் கடந்து செல்வார். அவ்வுத்திக்கே அவர் பெயர்பெற்றிருந்தார்.

2. இறையியற் கல்வியும் ஆட்டக்களமும்

அருட்பணியாளர் ஒருவர் இத்தகைய முரட்டு ஆட்டத்தில் ஈடுபடுவது பொருந்துமா எனச் சிலர் வினவலாம். வரலாற்றை நோக்கின், இவ்வாட்டத்தின் இளமைப் பருவத்திலேயே இறையியல் மாணவர் அதனோடு தொடர்புகொண்டிருந்தமை புலனாகும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் இங்கிலாந்தில் தோன்றிய ஒரு சிந்தனை, உடலுறுதியையும் கிறிஸ்தவ ஒழுக்கத்தையும் ஒருங்கே வளர்க்க வேண்டுமென்றது. அமெரிக்காவில் அதற்கு நிலைக்களனாக விளங்கியது, வாலிபர் கிறிஸ்தவ சங்கம் ஸ்பிரிங்பீல்டு நகரில் நடத்திய பயிற்சிக் கல்லூரி. ஏல் பல்கலைக்கழகத்தில் இறையியல் பயின்ற அமாஸ் அலான்சோ ஸ்டாக், மேடைப்பேச்சு தமக்கு வாய்க்கவில்லை என உணர்ந்து, 1890இல் அக்கல்லூரிக்கு வந்து கால்பந்து அணியைப் பயிற்றுவித்தார். அவர் அணியில் வரிசையின் நடுவே நின்று ஆடியவர் ஜேம்ஸ் நெய்ஸ்மித். இவர் மாண்ட்ரியால் நகரில் பிரஸ்பிட்டேரியன் சபையின் இறையியற் கல்லூரியில் பயின்றவர். 1891 டிசம்பரில் கூடைப்பந்தாட்டத்தைக் கண்டுபிடித்தவரும் இவரே. இறையியல் பயின்ற வரிசை வீரர் என்பது ஒயிட்டுக்கு எழுபது ஆண்டுகள் முன்பே வரலாற்றில் உள்ள செய்தியாகும்.

இம்மரபு நமக்கும் அயலானதன்று. ஸ்பிரிங்பீல்டில் பயிற்சி பெற்ற ஹாரி குரோ பக், சென்னைக்கு வந்து 1920இல் வாலிபர் கிறிஸ்தவ சங்கத்தின் உடற்பயிற்சிப் பள்ளியைத் தொடங்கினார். நந்தனத்தில் இன்று கல்லூரியாக விளங்குவது அதுவே. 1924ஆம் ஆண்டுப் பாரிஸ் ஒலிம்பிக் போட்டிக்கு இந்திய அணியை அழைத்துச் சென்றவர்களுள் அவரும் ஒருவர். நம் ஊர்ப் பள்ளிகளில் கூடைப்பந்து ஆடும் மாணவரும், ஒயிட் ஆடிய களமும் ஒரே ஊற்றிலிருந்து கிளைத்தவையே.

ஆயின் ஒரு வேறுபாட்டைக் குறிக்க வேண்டும். ஸ்டாக் போன்றோர் ஆட்டத்தைக் கல்வியின் ஒரு பகுதியாகக் கருதினர். கூலிக்கு ஆடுவதையும் ஞாயிற்றுக்கிழமை ஆட்டத்தையும் ஸ்டாக் கடுமையாக எதிர்த்தார். ஒயிட்டின் காலத்திலோ ஞாயிறுதோறும் நடைபெறும் அத்தொழில்முறை ஆட்டம், கோடிக்கணக்கான டாலர் புரளும் வாணிகமாகிவிட்டது. ஆராதனை நாளில் ஆட்டக்களத்தில் நிற்பதே அவர் தொழிலாயிற்று.

3. இளமையும் அருட்பொழிவும்

ஒயிட் பிறந்த ஊர் தென்மாநிலமான டென்னசியின் சட்டனூகா. தாயும் தாய்வழிப் பாட்டன் பாட்டியும் அவரை வளர்த்தனர். கறுப்பினத்தார்க்குத் திருச்சபையே பள்ளியாகவும் மன்றமாகவும் அடைக்கலமாகவும் இருந்த சமூகம் அது. பாட்டியின் பக்தியும் வெள்ளையரான போதகர் ஒருவரின் நட்பும் சிறுவனின் உள்ளத்தில் பதிந்தன. பன்னிரண்டு வயதில் அவர் தம் தாயிடம் இரு விருப்பங்களைத் தெரிவித்தார்: கால்பந்து வீரனாக வேண்டும், அருட்பணியாளனாகவும் வேண்டும். இரண்டும் நிறைவேறின. பதினேழாம் வயதில் பாப்திஸ்து சபை அவரை ஊழியத்திற்கு அருட்பொழிவு செய்தது.

இங்கு நாம் சற்று நின்று நோக்க வேண்டும். அந்த அருட்பொழிவு அழைப்பையும் நாவன்மையையும் நம்பி அளிக்கப்பட்டது. நெடிய இறையியற் கல்வி அதற்கு முன்நிபந்தனையாகவில்லை. கறுப்பினத் திருச்சபைகள் கல்வி மறுக்கப்பட்ட நாட்களில் இம்மரபாலேயே உயிர்வாழ்ந்தன. ஆகவே அதனைக் குறைத்து மதிப்பிடுதல் நேர்மையாகாது. எனினும் இதன் விளைவு ஒயிட்டின் இறுதி ஆண்டுகளில் வெளிப்பட்டதைப் பின்னர்க் காண்போம்.

சட்டனூகாவின் ஹோவர்ட் உயர்நிலைப்பள்ளியில் பயின்றபின், அவர் டென்னசிப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து 1980 முதல் 1983 வரை ஆடினார். இறுதி ஆண்டில் மட்டும் எதிரணி ஆட்ட நடத்துநரைப் பதினைந்து முறை வீழ்த்தினார். ஆங்கிலத்தில் அமைச்சருக்கும் அருட்பணியாளருக்கும் ஒரே சொல் வழங்குவதால், ‘பாதுகாப்பு அமைச்சர்’ என்று இருபொருள்படச் சூட்டப்பட்ட பட்டப்பெயர் இக்காலத்தில் அவரோடு ஒட்டிக்கொண்டது. புகழும் ஊழியமும் ஒரே சொல்லில் பிணைந்த அத்தருணமே அவர் வாழ்வின் பெருமைக்கும் இடர்ப்பாட்டிற்கும் தொடக்கம் எனலாம்.

4. பிலதெல்பியாவில்

1984, 1985 ஆகிய இரு ஆண்டுகளில் புதிய கூட்டமைப்பொன்றில் மெம்பிஸ் நகர அணிக்கு ஆடிய ஒயிட், 1985இல் தேசியக் கூட்டமைப்பைச் சேர்ந்த பிலதெல்பியா ஈகிள்ஸ் அணியில் சேர்ந்தார். அங்கு எட்டு ஆண்டுகளில் 121 ஆட்டங்களில் 124 வீழ்த்தல்கள் அவர் கணக்கிலாயின. ஆட்டத்திற்கு ஒன்றுக்கும் மேற்பட்ட இவ்விகிதம் வியப்புக்குரியது. வீரர் வேலைநிறுத்தத்தால் குறுகிய 1987ஆம் ஆண்டுப் பருவத்தில், தாம் ஆடிய பன்னிரண்டே ஆட்டங்களில் 21 வீழ்த்தல்களைச் செய்து, அவ்வாண்டின் சிறந்த தடுப்பு வீரராகத் தேர்வு பெற்றார்.

சகோதர அன்பு எனப் பொருள்படும் பெயருடைய அந்நகரின் வறிய தெருக்களில், போதைப்பொருளால் சிதைந்த இளைஞரிடையே அவர் நற்செய்தி கூறினார். டென்னசியில் தம் மனைவி சாராவுடன் இணைந்து, மணமாகாத தாய்மார்க்கு ஓர் இல்லம் ஏற்படுத்தினார். களத்தில் எதிராளியை வீழ்த்திவிட்டு, அவரைக் கைகொடுத்துத் தூக்கிவிடுவதும் அவர் வழக்கம். எதிராளிகள் வசைமொழி பேசினும் அவர் பதிலுக்கு வைவதில்லை என்பதும் பரவலாக அறியப்பட்டிருந்தது.

5. உழைப்போர் உரிமை

ஒயிட்டின் வாழ்வில் மக்கள் மிகக் குறைவாக நினைவுகூர்வதும், வரலாற்றில் நிலைத்து நிற்பதும் 1992–93ஆம் ஆண்டு நிகழ்ச்சியே. அக்காலத்தில் ஒப்பந்தக் காலம் முடிந்த பின்னரும் வீரர் தாம் விரும்பிய அணிக்குச் செல்லத் தடைகள் பல இருந்தன. ஒவ்வோர் அணியும் தன் முதன்மையான வீரர் பலரைப் பிறர் எடுத்துக்கொள்ளாதவாறு கட்டிவைத்துக் கொள்ளலாம். 1987இல் வேலைநிறுத்தம் தோல்வியுற்றபின் வீரர்கள் நீதிமன்றத்தை நாடினர். 1992 செப்டம்பரில் மினியாபொலிஸ் நகரில் ஜூரிகள் அளித்த தீர்ப்பு, அக்கட்டுப்பாடுகள் வாணிகப் போட்டிச் சட்டத்திற்கு முரணானவை என்று கூறியது. அதனையடுத்து, வீரர் அனைவரின் சார்பிலும் தொடுக்கப்பட்ட வழக்கில் முதல் வாதியாகத் தம் பெயரை அளித்தவர் ரெஜி ஒயிட். 1993இல் ஏற்பட்ட உடன்பாடு, குறிப்பிட்ட ஆண்டுகள் ஆடிய வீரர் தம் அணியைத் தாமே தேர்ந்துகொள்ளும் உரிமையை வழங்கியது. அணிகள் ஊதியத்திற்குச் செலவிடும் தொகைக்கு 1994 முதல் உச்சவரம்பும் வந்தது.

பெரும் ஊதியம் பெறும் ஆட்டக்காரரின் வழக்கு ஏழைத் தொழிலாளரின் போராட்டத்திற்கு ஒப்பாகாது எனலாம். உண்மையே. ஆயினும் வேலையாள் தன் கூலிக்குப் பாத்திரவான் என்னும் திருமறைக் கொள்கை, கூலியின் அளவைக் கண்டு மாறுவதில்லை. மேலும் தனித்தன்மை வாய்ந்த வீரரான ஒயிட் தமக்கென மட்டும் பேரம் பேசியிருக்கலாம். அவ்வாறின்றி, பெயர் தெரியாத வரிசை வீரர்க்கும் பயன்படும் வழக்கிற்குத் தலைநின்றமை போற்றத்தக்கது.

6. கிரீன் பேயும் எரிந்த ஆலயமும்

அவ்வுரிமையின் முதற்பெரும் பயனாளியும் அவரே. பெருநகர் பலவற்றின் அணிகள் அவரை நாடின. அவரோ, கடவுள் காட்டும் இடத்திற்கே செல்வேன் என்றார். கிரீன் பே அணியின் பயிற்சியாளர், ‘கடவுள் பேசுகிறேன், கிரீன் பேக்கு வா’ என்னும் பொருள்பட அவருடைய தொலைபேசிப் பதிவுக் கருவியில் வேடிக்கையாகச் சொல்லி வைத்தார் என்பது அந்நாட்டில் பலரறிந்த கதை. 1993 ஏப்ரலில், நான்கு ஆண்டுகளுக்கு 1 கோடியே 70 இலட்சம் டாலர் ஊதியத்திற்கு ஒயிட் அங்கு சென்றார். ஏறத்தாழ ஓரிலட்சம் மக்களே வாழும் அச்சிறு நகரில் கறுப்பினத்தார் மிகச் சிலர். கறுப்பின வீரர் அங்குச் செல்லத் தயங்கிவந்தனர். அவர் வருகை அந்நிலையை மாற்றியது. ஆயினும், மிகுந்த ஊதியம் அளித்த அணியையே கடவுள் சுட்டிக்காட்டினாரோ எனச் செய்தியாளர் எள்ளினர். தேவ சித்தத்தை எளிதாக வாயில் எடுத்துக்கொள்ளும் நாம் அவ்வெள்ளலைப் புறந்தள்ளிவிட இயலாது.

1996 ஜனவரி 8ஆம் நாள், டென்னசி மாநிலத்தின் நாக்ஸ்வில் நகரில் ஒயிட் துணைப்போதகராக ஊழியம் செய்த ஆலயம் தீவைத்து எரிக்கப்பட்டது. கறுப்பினத்தாரும் வெள்ளையரும் ஒன்றாக வழிபட்ட சபை அது; சுவரில் இனவெறி வாசகங்கள் எழுதப்பட்டிருந்தன. தென்மாநிலங்களில் கறுப்பின ஆலயங்கள் பல அக்காலத்தில் தொடர்ந்து எரிந்தும் நாடு அதனைப் பொருட்படுத்தவில்லை. புகழ்பெற்ற வீரரின் ஆலயம் எரிந்தபோதுதான் செய்தித்தாள்கள் விழித்தன. ஒயிட் இதனை மறைக்காமல், இனவெறியை நாடு நேருக்கு நேர் காண வேண்டும் எனப் பேசினார். அவ்வாண்டு ஜூனில் தேசிய விசாரணைக் குழு அமைந்தது. ஜூலை 3ஆம் நாள் ஆலய எரிப்புத் தடுப்புச் சட்டம் கையொப்பமாயிற்று. விஸ்கான்சின் மாநில மக்கள், சிறுவர் உட்பட, ஆலயத்தை மீண்டும் எழுப்ப இரண்டு இலட்சம் டாலருக்கும் மேலாக அனுப்பினர். புகழ் நற்பணிக்குக் கருவியாகும் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று அவர் வாழ்வில் இல்லை.

மறு ஆண்டு, 1997 ஜனவரி 26ஆம் நாள், நியூ ஆர்லியன்ஸ் நகரில் நடந்த இறுதிப் போட்டியில் கிரீன் பே 35–21 என்னும் கணக்கில் வென்றது. அன்று ஒயிட் மூன்று முறை எதிரணி நடத்துநரை வீழ்த்தினார். இருபத்தொன்பது ஆண்டுகளுக்குப்பின் அச்சிறு நகருக்குக் கிட்டிய வாகை அது.

7. சட்டமன்ற உரை

1998 மார்ச்சில் விஸ்கான்சின் சட்டமன்றம் அவரை உரையாற்ற அழைத்தது. கடவுள் ஒவ்வோர் இனத்திற்கும் ஒவ்வொரு வரம் அருளியுள்ளார். எல்லாரும் சேர்ந்தே தேவசாயல் முழுமை பெறும் என்பது அவர் கூற விழைந்த கருத்து. ஆயின் அதனை விளக்கும்போது, இன்ன இனத்தார் இன்ன தன்மையர் என்று சந்தைப்பேச்சில் உலவும் வாய்பாடுகளையே அடுக்கினார். ஓரினச் சேர்க்கையாளரைப் பற்றியும் கடுமையாகப் பேசினார். பலர் புண்பட்டனர். தொலைக்காட்சி வருணனையாளராகும் வாய்ப்பு அவர் கைநழுவிற்று. இனங்களைப் பற்றிய தம் சொற்களுக்காக அவர் பின்னர் வருந்தினார்.

இனவெறியின் தீயில் தம் ஆலயத்தை இழந்தவர், இரண்டே ஆண்டுகளில் பிற இனத்தாரைக் குறித்து இவ்வாறு பேசியது ஏன்? தீய எண்ணம் காரணமெனக் கொள்ளுவதற்கு அவர் வாழ்க்கை இடந்தரவில்லை. தேவசாயல் என்னும் ஆழ்ந்த கோட்பாட்டைக் கையிலெடுத்தவருக்கு, அதனை விரித்துரைக்கும் பயிற்சி இல்லை. பதினேழு வயது முதல் அவரை மேடையேற்றி மகிழ்ந்தோருள், நீர் அமர்ந்து கற்றுக்கொள்ளும் என்று சொன்னவர் எத்தனை பேர்? பிழை பேசியவருடையது, பொறுப்போ அவரைப் பேசவைத்தோர்க்கும் உண்டு.

8. எபிரெயம் கற்ற இறுதி ஆண்டுகள்

1998இல் தம் 36ஆம் வயதில் இரண்டாம் முறையாக ஆண்டின் சிறந்த தடுப்பு வீரராகத் தேர்வு பெற்று ஓய்வு பெற்ற ஒயிட், 2000இல் கரோலினா அணிக்காக மீண்டும் ஓராண்டு ஆடினார். விடைபெற்றபோது அவர் கணக்கில் 198 வீழ்த்தல்கள் இருந்தன. அது அன்றைய தேசியக் கூட்டமைப்பில் முதலிடம். 2003இல் புரூஸ் ஸ்மித் அதனைக் கடந்தார்.

இதன்பின் நிகழ்ந்ததே நம் சிந்தைக்கு முதன்மையானது. பிரசங்க மேடைகளிலிருந்து அவர் விலகினார். திருமறையை மூலமொழியில் படிக்க விரும்பி, நாள்தோறும் பல மணி நேரம் எபிரெயம் கற்றார். யூத அறிஞரின் துணையை நாடினார்; இஸ்ரவேல் நாட்டிற்கும் சென்றார். இறுதிக் காலப் பேட்டிகளில் அவர் கூறியவை கசப்பானவை. தம்மை அழைத்த சபைகளுள் மிகப் பல, தாம் இறையியல் அறிந்தவர் என்பதற்காக அன்றி, கால்பந்து வீரர் என்பதற்காகவே அழைத்தன என்றார். திருவசனத்தைப் போதிப்பவராயிருப்பதற்கு மாறாக, ஊக்கமூட்டும் பேச்சாளராகத் தாம் ஆகிவிட்டதையும், பிறர் பிரசங்கங்களிலிருந்து கேட்டவற்றையே திரும்பச் சொல்லிவந்ததையும் ஒப்புக்கொண்டார். தம்மைச் சபைகள் விலைப்பொருளாக்கின என்னும் பொருள்படவும் பேசினார். இதனால் அவர் விசுவாசத்தை விட்டுவிட்டார் எனச் சிலர் ஐயுற்றனர். நாற்பது வயதிற்குமேல் எழுத்துக்கூட்டி ஒரு பழமொழியைக் கற்க முற்பட்டவரை விசுவாசத்தை இழந்தவர் என்பது முறையன்று. ஊழியத்தின் தொடக்கத்தில் செய்யவேண்டியதை, அவர் அதன் முடிவில் செய்ய முயன்றார்.

அக்கல்வி நிறைவுறவில்லை. 2004 டிசம்பர் 26 காலையில், வட கரோலினாவில் தம் 43ஆம் வயதில் அவர் உயிர் நீத்தார். இதயத்தையும் நுரையீரலையும் தாக்கிய சார்காய்டோசிஸ் என்னும் நோயால் இதயத்துடிப்புச் சீர்குலைந்தது என மருத்துவ ஆய்வு கூறிற்று. உறக்கத்தில் மூச்சுத் தடைபடும் நோயும் துணைக்காரணமாயிருக்கலாம் என்றது. வரிசை வீரர் பலர் இளமையில் மறைவது தனிக் கதை. பிட்ஸ்பர்க் அணியின் நடு வீரர் மைக் வெப்ஸ்டர் 2002இல் 50 வயதில் இறந்தபோது, நைஜீரியாவில் பிறந்த மருத்துவர் பென்னட் ஒமலு அவர் மூளையை ஆராய்ந்து, இடைவிடா மோதல்களால் விளையும் சேதத்தை 2005இல் உலகிற்கு அறிவித்தார். ஒயிட்டின் நோய் வேறு. ஆயினும், கைதட்டும் கூட்டம் வீரனின் உடலுக்கு நேர்வதை எண்ணிப் பார்ப்பதில்லை என்பது இருவர்க்கும் பொது. 2006இல் கால்பந்துப் புகழ் மன்றம் ஒயிட்டைச் சேர்த்துக்கொண்டது. மனைவி சாரா அவர் சார்பில் அப்பெருமையை ஏற்றார்.

முடிவுரை

ஒயிட்டைப் புனிதராக்குவதும் பழிப்பதும் எளிது. அவரிடமிருந்து கற்பதே கடினம். நம் நாட்டிலும் திரைக்கலைஞர், பாடகர், அதிகாரி, விளையாட்டு வீரர் எனப் புகழ்பெற்றோர் விசுவாசத்திற்கு வரும்போது, நற்செய்திக் கூட்டங்களின் சுவரொட்டிகளில் அவர் படமே முதலில் அச்சாகிறது. ஞானஸ்நானத்தின் ஈரம் உலருமுன் சாட்சி சொல்ல அவர் ஊர் ஊராக அழைத்துச் செல்லப்படுகிறார். கூட்டம் பெருகுகிறது, காணிக்கையும் பெருகுகிறது. அவருக்கு வேதத்தைப் பொறுமையுடன் கற்பிக்க எவருக்கும் நேரமில்லை. பின்னர் அவர் தவறாகப் பேசினாலோ சோர்ந்து விலகினாலோ, அவரைக் குறைகூற மட்டும் நமக்கு நேரம் கிடைக்கிறது.

புதிதாக மனந்திரும்பியவரை உடனே கண்காணிப்புப் பணியில் அமர்த்தலாகாது எனத் தீமோத்தேயுவுக்கு எழுதப்பட்ட நிருபம் அறிவுறுத்துவது இதனாலேயே. விருத்தாசலத்துப் பீங்கான் தொழில் செய்வோர், வனைந்த கலத்தை ஈரத்தோடு சூளையில் வைப்பதில்லை. அது நன்கு உலரும்வரை காத்திருப்பர். அவசரப்பட்டால் வெப்பத்தில் வெடிக்கும் என்பதை அறிவர். மண்பாண்டத்தில் வைக்கப்பட்ட பொக்கிஷத்தைப் பற்றிப் பேசும் திருச்சபை, பாண்டத்தின் மீதும் அத்தகைய அக்கறை கொள்ள வேண்டும். புகழுடன் வரும் ஒருவருக்கு நாம் அளிக்கக்கூடிய முதற்கொடை மேடையன்று. சில ஆண்டுகள் அமைதியாக அமர்ந்து கற்பதற்கு ஓர் இருக்கையும், அவரை அவர் பெயருக்காக அன்றி அவருக்காகவே நேசிக்கும் ஒரு சபையுமேயாகும்.